இலவச டைமண்டும் என் பென்ஷன் கணக்கும்

(நம் சங்கத்தின் காலாண்டுப் பொதுக்கூட்டத்தில் ஏ பிளாக் உறுப்பினர் ஒருவர் ஆற்றிய உரை. வர இயலாத குடியிருப்புவாசிகள் கேட்டுக்கொண்டபடி எழுத்து வடிவில் தருகிறோம். – ஆசிரியர் குழு)

முன்வரிசையில் உட்கார்ந்திருக்கும் பிள்ளைகளுக்கு ஒரு வணக்கம். நான் பேசப்போவதில் பாதி உங்களுக்கு, பாதி உங்கள் பின்னால் உட்கார்ந்திருக்கும் பெரியவர்களுக்கு.

தண்ணீர் லாரிக் கணக்கும் லிஃப்ட் பராமரிப்பும் முடிந்த பிறகு, எல்லோருக்கும் வீட்டுக்குப் போகும் நினைப்பு வந்த நேரத்தில் என்னைக் கூப்பிட்டிருக்கிறார்கள். அதனால் சுருக்கமாகவே சொல்கிறேன்.

நான் தபால் துறையில் முப்பத்தாறு வருடம் வேலை பார்த்து ஓய்வு பெற்றவன். கம்ப்யூட்டர் படித்தவன் இல்லை. இந்த விஷயத்தைப் பேச எனக்கு இருக்கும் ஒரே தகுதி, இதில் பணத்தை இழந்தவன் என்பதுதான். தொழில்நுட்ப விவரங்களை எனக்குப் புரியும்படி சொல்லிக்கொடுத்தது, மொபைல் மென்பொருள் துறையில் வேலை செய்யும் நம் சி பிளாக் தம்பி ஒருவர். அவருக்கு என் நன்றி.

என்ன நடந்தது?

என் பேரன் ஏழாம் வகுப்பு படிக்கிறான். அவனுடைய அப்பா அம்மா போனில் கட்டுப்பாடுகள் உண்டு. தாத்தா போனில் எதுவும் கிடையாது. சனிக்கிழமை சாயங்காலம் ஆனால் என் போன் அவன் கைக்குப் போய்விடும். உங்களில் எத்தனை தாத்தா பாட்டிகள் வீட்டில் இப்படி என்று நான் கைதூக்கச் சொல்லப்போவதில்லை. எனக்கே தெரியும்.

அவன் ஆடுவது துப்பாக்கிச் சண்டை விளையாட்டு. அதில் புது உடை, புது துப்பாக்கி வேண்டுமென்றால் டைமண்ட் வேண்டும். டைமண்டுக்கு நிஜப் பணம் கட்ட வேண்டும். கீழே பார்க்கில் பெரிய பையன்கள் அவனை "பாட்" என்று கூப்பிடுவார்களாம். அதற்கு அர்த்தம் எனக்குப் பிறகுதான் தெரிந்தது. மனிதர் யாரும் ஆடாமல் கம்ப்யூட்டரே ஆட்டிவைக்கும் பொம்மைக்கு அந்தப் பெயர். உடை வாங்காத பையனுக்கும் அதே பெயர்தான். பன்னிரண்டு வயதில் அது சின்ன அவமானம் இல்லை.

ஒரு வீடியோவைப் பார்த்திருக்கிறான். "அன்லிமிடெட் டைமண்ட், ஆட்டோ ஹெட்ஷாட், எல்லாம் ஒரே ஆப்பில்." கீழே டவுன்லோட் இணைப்பு. வீடியோ சொன்னபடியே ஒவ்வொன்றாகச் செய்திருக்கிறான். பிளே ஸ்டோருக்கு வெளியிலிருந்து ஆப் நிறுவ அனுமதி கொடுத்தான். "இது ஆபத்தான ஆப்" என்று போன் எச்சரித்தது. "ஹேக் ஆப் என்றால் அப்படித்தான் சொல்லும், பயப்படாதே, பிளே புரொடெக்டை ஆஃப் பண்ணு" என்று வீடியோவிலேயே சொல்லியிருந்தார்கள். ஆஃப் பண்ணினான். மெசேஜ் ஆப்பாக இதையே வைக்கவா என்று கேட்டது. சரி என்றான். கடைசியில், "நீ ரோபோ இல்லை என்று உறுதி செய்ய 1 ரூபாய்" என்று ஒரு பக்கம் வந்தது. பீரோ மேல் இருந்த என் டெபிட் கார்டைப் பார்த்து எண்ணையும், பின்பக்கம் இருக்கும் மூன்று இலக்கத்தையும் அடித்துவிட்டான். ஒரு ரூபாய்தானே!

டைமண்ட் வரவில்லை. ஞாயிற்றுக்கிழமை காலை பார்த்தால் அவனுடைய விளையாட்டுக் கணக்கே முடக்கப்பட்டிருந்தது. அந்த ஆப்பின் ஐகானும் திரையிலிருந்து காணாமல் போயிருந்தது. ஏதோ தப்பு நடந்துவிட்டது என்று அவனுக்கு அப்போதே தெரிந்துவிட்டது. ஆனால் சொல்லவில்லை.

எனக்கோ ஒரு சந்தேகமும் வரவில்லை. இரண்டு நாளாக விளம்பர மெசேஜ் ஒன்றுகூட வரவில்லையே, நிம்மதி என்றுகூட நினைத்தேன். மெசேஜ் எல்லாம் வேறு யாருக்கோ போய்க்கொண்டிருந்தது. பேங்க் அனுப்பிய ஓடிபி உட்பட.

செவ்வாய்க்கிழமை ஏடிஎம்மில் பணம் எடுக்கப் போனபோதுதான் விஷயம் வெளியே வந்தது. ஞாயிறு அதிகாலை 19,500 ரூபாய், உடனே இன்னொரு 14,900. திங்கள் இரவு 9,000. மொத்தம் 43,400 ரூபாய்.

வீட்டில் எல்லோரும் நின்றுகொண்டு, யார் என்ன செய்தது என்று கேட்டபோதுதான் பையன் அழுதுகொண்டே சொன்னான். "ஞாயிற்றுக்கிழமையே ஏன்டா சொல்லலை?" என்று கேட்டேன். "போன மாசம் ஸ்கிரீன் உடைஞ்சப்போ நீங்க கத்தினீங்களே தாத்தா" என்றான்.

ஆமாம், கத்தினேன். இனி போனைத் தொட்டால் பார் என்று அடுத்த வீட்டுக்கே கேட்கும்படி கத்தினேன். அந்தக் கத்தலுக்கு எனக்கு இரண்டு நாள் விலை ஆயிற்று. அந்த இரண்டு நாளில்தான் பணம் கைமாறிப் போனது.

அன்று மதியமே 1930 என்ற எண்ணுக்குக் கூப்பிட்டுப் புகார் கொடுத்தோம். திங்கள் இரவு போன 9,000 ரூபாய் இன்னும் ஒரு கணக்கில் இருந்ததால் அதை நிறுத்திவைத்தார்கள். சில மாதம் கழித்து அது திரும்பி வந்தது. மீதி 34,400 போனது போனதுதான். பேங்கில் கேட்டபோது, கார்டு விவரம் உங்கள் வீட்டிலிருந்தே கொடுக்கப்பட்டிருக்கிறது என்றார்கள். ரிசர்வ் வங்கி 2017 ஜூலையில் வெளியிட்ட சுற்றறிக்கையில் அப்படித்தான் இருந்தது. வாடிக்கையாளரின் கவனக்குறைவால் விவரம் வெளியே போயிருந்தால், புகார் கொடுக்கும் நேரம் வரையிலான இழப்பு அவருடையது. புகார் கொடுத்த பிறகு போகும் பணம்தான் பேங்கின் பொறுப்பு. அதாவது, ஒவ்வொரு மணி நேரத் தாமதமும் நம் கணக்கில் எழுதப்படுகிறது.

டைமண்ட் ஏன் வராது?

பிள்ளைகளே, இப்போது உங்களுக்கு.

நான் பார்த்த வேலையிலிருந்தே ஓர் உதாரணம் சொல்கிறேன். தபால் ஆபீஸ் சேமிப்புக் கணக்குப் புத்தகத்தில் 500 ரூபாய் இருக்கிறது. நீங்கள் பேனாவை எடுத்து இரண்டு சைபர் சேர்த்து 50,000 ஆக்கிவிட்டீர்கள். கவுன்டரில் கொண்டுவந்து நீட்டினால் பணம் கிடைக்குமா? கிடைக்காது. உண்மையான கணக்கு ஆபீஸ் லெட்ஜரில் இருக்கிறது. உங்கள் கையில் இருப்பது அதன் நகல்.

ஆன்லைன் விளையாட்டில் டைமண்ட், யூசி எல்லாம் இப்படித்தான். உங்கள் திரையில் தெரியும் எண் பாஸ்புக் மாதிரி. லெட்ஜர் கம்பெனியின் சர்வரில் இருக்கிறது. உங்கள் போனில் எந்த ஆப்பைப் போட்டாலும் அந்த லெட்ஜரில் ஒரு டைமண்ட் கூடாது. ஆகவே "அன்லிமிடெட் டைமண்ட்" என்று சொல்லும் எதுவும், யார் சொன்னாலும், பொய்.

நெட் இல்லாமல் தனியாக ஆடும் சில விளையாட்டுகளில் காசுக் கணக்கு போனிலேயே இருக்கும். அதை மாற்ற முடியும். சண்டை விளையாட்டில் எதிரி எங்கே நிற்கிறான் என்ற தகவலும் படம் வரைவதற்காக உங்கள் போனுக்கு வந்துதான் ஆக வேண்டும். சுவருக்குப் பின்னால் இருப்பவனைக் காட்டும் டூல்கள் அதைத்தான் திருடிக் காட்டுகின்றன. இவை சில நாள் வேலை செய்வதும் உண்டு. "என் ஃபிரெண்டுக்கு வந்துச்சே" என்று நீங்கள் சொல்வதற்குக் காரணம் இதுதான். ஆனால் மாட்டிக்கொண்டால் கணக்கு போய்விடும். பப்ஜி மொபைல் போன்ற விளையாட்டுகளில் பத்து வருடத் தடை வரை போடுகிறார்கள். சில விளையாட்டுகளில் அந்தப் போனையே தடை செய்துவிடுவார்கள். அப்பா நிஜப் பணம் கட்டி வாங்கிக்கொடுத்த உடைகளும் அதோடு போய்விடும்.

பூட்டைத் திறந்துவிடுவது நாம்தான்

பெரியவர்கள் இதைக் கொஞ்சம் கவனமாகக் கேளுங்கள். திருடன் நம் வீட்டுப் பூட்டை உடைக்கவில்லை. நம் பையனை வைத்தே ஒவ்வொன்றாகத் திறக்க வைத்தான்.

ஆண்ட்ராய்டு போனில் பல பூட்டுகள் உண்டு. வெளியிலிருந்து வரும் ஆப்பை நிறுவத் தனி அனுமதி வேண்டும். பிளே புரொடெக்ட் என்ற காவல் ஒவ்வொரு ஆப்பையும் சோதிக்கும். மெசேஜைப் படிக்கத் தனி அனுமதி. ஆக்சஸிபிலிட்டி என்று ஒன்று இருக்கிறது. பார்வைக் குறைபாடு உள்ளவர்களுக்குத் திரையில் இருப்பதைப் படித்துக்காட்டவும், கை அசைக்க முடியாதவர்களுக்காகப் பட்டன்களை அழுத்தவும் ஏற்பட்ட நல்ல வசதி அது. ஒரு திருட்டு ஆப்புக்கு அதைக் கொடுத்தால், நீங்கள் திரையில் பார்ப்பதை எல்லாம் அதுவும் பார்க்கும், உங்களுக்குப் பதிலாக அதுவே அழுத்தும். இதனால்தான் 2022இல் வந்த ஆண்ட்ராய்டு 13இலிருந்து, வெளியிலிருந்து வந்த ஆப்புக்கு ஆக்சஸிபிலிட்டியைச் சுலபமாகக் கொடுக்க முடியாதபடி இன்னொரு பூட்டும் போட்டிருக்கிறார்கள். அதை எப்படித் திறப்பது என்று சொல்லிக்கொடுக்கவும் வீடியோ இருக்கிறது.

வேறு எந்த ஆப்பாக இருந்தாலும் போன் எச்சரித்தால் நாம் நின்றுவிடுவோம். ஹேக் ஆப் என்றால் எச்சரிக்கை வருவதே இயல்பு என்று பிள்ளைகள் நம்புகிறார்கள். சிவப்பு விளக்கைப் பச்சை விளக்காகப் படிக்க அவர்களைப் பழக்கிவிட்டார்கள். வாட்சப்பில் போக்குவரத்து அபராதம், கல்யாணப் பத்திரிகை என்ற பெயரில் வரும் ஏபிகே கோப்புகளைப் பற்றி நாமெல்லாம் பயந்து, ஒருவருக்கொருவர் எச்சரிக்கை அனுப்புகிறோம். அதே கோப்பு விளையாட்டுப் பெயரில் வந்தால் நம் வீட்டிலேயே அதைத் தேடிப் பிடித்துப் போடுகிறார்கள்.

"மோட் ஏபிகே" என்ற பெயரைக் கேள்விப்பட்டால் உஷாராகுங்கள். அசல் விளையாட்டைப் பிரித்து, உள்ளே மாற்றி, மறுபடி கட்டி விடுவதுதான் அது. ஒவ்வொரு ஆண்ட்ராய்டு ஆப்பிலும் அதைச் செய்தவரின் டிஜிட்டல் கையொப்பம் இருக்கும். சீல் வைத்த தபால் பை மாதிரி. பையைப் பிரித்தவனால் அதே சீலைத் திரும்ப வைக்க முடியாது. அதனால்தான் "முதலில் அசல் கேமை அன்இன்ஸ்டால் செய், பிறகு இதைப் போடு" என்பார்கள். சீல் பொருந்தாததால் போன் அதை அசலின் மேல் ஏற்க மறுக்கும். அந்த ஒரு வரி போதும், பை பிரிக்கப்பட்டது என்று தெரிந்துகொள்ள.

"போனை ரூட் செய்" என்று சொல்லும் டூல்கள் இன்னும் மோசம். ரூட் என்றால் ஆப்களுக்கு நடுவே இருக்கும் சுவர்களை இடிக்கும் அதிகாரத்தைக் கொடுப்பது. ரூட் செய்த போனில் பேங்க் ஆப், யுபிஐ ஆப் பல திறக்கவே மறுக்கும். ஐபோன் வைத்திருப்பவர்கள் சிரிக்க வேண்டாம். தெரியாத இடத்திலிருந்து "புரொஃபைல்" நிறுவச் சொன்னால் அங்கேயும் இதே கதைதான்.

இது புதிதும் இல்லை. 2016 ஜூலையில் போக்கிமான் கோ விளையாட்டு முதலில் சில நாடுகளில் மட்டும் வெளியானது. மற்ற நாட்டுப் பிள்ளைகள் பொறுக்க முடியாமல் வெளியிலிருந்து ஏபிகே தேடினார்கள். சில நாளிலேயே, தூரத்திலிருந்து போனை ஆட்டிவைக்கும் டிராய்ட்ஜாக் என்ற நிரல் ஒளித்துவைத்த போக்கிமான் கோ ஒன்றை புரூஃப்பாயின்ட் என்ற பாதுகாப்பு நிறுவனம் கண்டுபிடித்தது. நம் நாட்டில் 2020 செப்டம்பரில் பப்ஜி மொபைல் தடை செய்யப்பட்டது. 2022 பிப்ரவரியில் ஃப்ரீ ஃபயர். அதே ஆண்டு ஜூலையில் பிஜிஎம்ஐ நிறுத்தப்பட்டு, அடுத்த ஆண்டு மே மாதம் திரும்பி வந்தது. இப்படி ஸ்டோரில் கிடைக்காத காலத்தில்தான் ஏபிகே என்ற சொல் நம் பிள்ளைகளின் வாயில் புழங்க ஆரம்பித்தது என்று எனக்குத் தோன்றுகிறது.

நீங்கள் செய்ய வேண்டியவை

இன்றைக்கு வீட்டுக்குப் போனதும் பத்து நிமிடம் ஒதுக்குங்கள். செட்டிங்ஸில், தெரியாத ஆப்களை நிறுவும் அனுமதி என்ற பக்கத்தைத் தேடித் திறந்து, பிரவுசர், வாட்சப், டெலிகிராம் என்று எதற்கும் அனுமதி இல்லாமல் செய்யுங்கள். பிளே ஸ்டோரில் மேலே உங்கள் படத்தைத் தொட்டால் பிளே புரொடெக்ட் வரும். அது ஆன் ஆக இருக்கிறதா என்று பாருங்கள். ஆக்சஸிபிலிட்டி பக்கத்தில் உங்களுக்குத் தெரியாத ஆப் ஏதாவது இருக்கிறதா என்று பாருங்கள். மெசேஜ் ஆப் எது என்பதையும் பாருங்கள். நான் பார்க்காமல் விட்டது அதுதான்.

பேங்க் ஆப்பில் டெபிட் கார்டை ஆன்லைனில் பயன்படுத்துவதை நிறுத்திவைக்கவும், வரம்பு வைக்கவும் வசதி இருக்கிறது. ரிசர்வ் வங்கி 2020இல் எல்லா பேங்குகளுக்கும் சொன்னது இது. ஆன்லைனில் கார்டே பயன்படுத்தாத என்னைப் போன்றவர்கள் அதை மூடிவைத்திருந்தால் ஒரு ரூபாய்கூடப் போயிருக்காது. பென்ஷன் வரும் சிம் உள்ள போனையும் பேரன் விளையாடும் போனையும் பிரித்துவிடுங்கள். முடியாவிட்டால், குழந்தைகள் போனில் கூகுள் ஃபேமிலி லிங்க் போடலாம். அதில் ஸ்டோரிலிருந்து எந்த ஆப் இறக்கினாலும் முதலில் உங்கள் அனுமதி கேட்கும்படி வைக்கலாம்.

ஏற்கெனவே ஏதாவது போட்டுவிட்டார்களா? பதற வேண்டாம். முதலில் அந்தப் போனின் நெட்டை அணையுங்கள், ஏரோப்ளேன் மோடில் போடுங்கள். வேறொரு போனிலிருந்து பேங்கைக் கூப்பிட்டுக் கார்டையும் யுபிஐயையும் நிறுத்துங்கள். பணம் போயிருந்தால் உடனே 1930. உள்துறை அமைச்சகத்தின் சைபர் குற்றப் பிரிவு நடத்தும் எண் அது. பணம் எந்தக் கணக்கிலிருந்து எந்தக் கணக்குக்குப் போகிறது என்று பேங்குகளோடு சேர்ந்து துரத்திப் போய், கிடைத்த இடத்தில் நிறுத்துவார்கள். பணம் ஓடிக்கொண்டிருக்கும்போதுதான் அது சாத்தியம். பிறகு தேசிய சைபர் குற்றப் புகார் இணையதளத்திலும் எழுத்தாகப் பதியுங்கள். ஆப்பின் பெயர், இறக்கிய முகவரி, அந்த வீடியோ எல்லாவற்றையும் இன்னொரு போனில் படம் எடுத்துவைத்துக்கொள்ளுங்கள். கூகுள், வாட்சப் பாஸ்வேர்டு, பின் எண்களை வேறு கருவியிலிருந்து மாற்றுங்கள். கடைசியில், முக்கியமான படங்களை எடுத்துக்கொண்டு போனை ஃபேக்டரி ரீசெட் செய்துவிடுங்கள். ஆப்பை நீக்கினால் மட்டும் போதும் என்று நம்ப வேண்டாம்.

இதையெல்லாம் செய்யத் தெரியாதவர்கள் கூச்சப்பட வேண்டாம். வரும் ஞாயிற்றுக்கிழமை காலை கிளப் ஹவுஸில் சி பிளாக் தம்பியும் கல்லூரியில் படிக்கும் நம் பிள்ளைகள் சிலரும் இருப்பார்கள். போனை அவர்கள் கையில் கொடுக்க வேண்டியதில்லை. உங்கள் கையிலேயே வைத்துக்கொள்ளுங்கள், எங்கே தொட வேண்டும் என்று சொல்லிக்கொடுப்பார்கள்.

கடைசியாக ஒன்று

ஏமாற்றுவதற்காக ஒரு டூலைப் போட்டவன், தான் ஏமாந்ததை வெளியே சொல்ல மாட்டான். இந்தத் திருடர்களுக்கு அது நன்றாகத் தெரியும். அவர்கள் பிள்ளைகளைத் தேடி வருவதற்கு அவர்களுடைய ஆசை மட்டும் காரணம் இல்லை. பயமும் காரணம். மாட்டிக்கொண்ட பிள்ளை வாயைத் திறக்காது என்ற நம்பிக்கையில்தான் அந்த வியாபாரமே நடக்கிறது.

பார்க்கில் "பாட்" என்று கூப்பிடும் பெரிய பையன்களும் இங்கே இருக்கிறீர்கள் என்று எனக்குத் தெரியும். உங்கள் பெயரைச் சொல்லப்போவதில்லை. அந்த ஒரு வார்த்தையை விட்டுவிடுங்கள், போதும்.

பெரியவர்களுக்கு என் வேண்டுகோள் ஒன்றுதான். இன்று இரவு சாப்பிடும்போது பிள்ளையைப் பக்கத்தில் உட்காரவைத்து, "போனில் என்ன ஆனாலும் முதலில் வந்து என்னிடம் சொல். திட்டுவதாக இருந்தால் அப்புறம் பார்த்துக்கொள்ளலாம்" என்று சொல்லுங்கள். சொன்னால் மட்டும் போதாது. அடுத்த தடவை ஸ்கிரீன் உடைந்து அவன் வந்து நிற்கும்போது, கத்தாமல் இருந்து காட்டுங்கள். நான் இப்போதுதான் பழகிக்கொண்டிருக்கிறேன். கொஞ்சம் கஷ்டமாகத்தான் இருக்கிறது.

போன வாரம் என் பேரன் போனைக் கொண்டுவந்து நீட்டினான். "தாத்தா, இதுல என்னவோ அலோ பண்ணவான்னு கேக்குது, நீங்க பாருங்க" என்றான். பார்த்தேன். சாதாரண அப்டேட்தான். இருந்தாலும், வந்து கேட்டானே என்று எனக்கு மனசு நிறைந்துபோனது. அந்த 34,400 ரூபாய்க்கு எனக்குக் கிடைத்தது இதுதான். உங்களுக்கு இது செலவில்லாமல் கிடைக்க வேண்டும் என்றுதான் இவ்வளவு நேரம் பேசினேன்.